நூற்றுப் பதிமூன்றாம் பக்கம்

1

இந்தக் கதை என் மண்டையில் உதித்தது இல்லை. என் அண்ணிக்கு நடந்தது. ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் சாப்பாட்டு மேசையில் பாதி அழுதுகொண்டும் பாதி சிரித்துக்கொண்டும் அவர் சொன்னதை, கை கழுவக்கூட எழுந்திருக்காமல் கேட்டேன். கேட்டு முடித்ததும் நான் ஆறுதல் சொல்லியிருக்க வேண்டும். சொல்லவில்லை.

"அண்ணி, இத நான் எழுதிக்கட்டுமா?" என்றேன்.

அண்ணி என்னை ஏற இறங்கப் பார்த்தார். "உனக்கு வெக்கமே கிடையாதாடி?"

"கிடையாது."

"எழுதித் தொலை. ஆனா பிரெஞ்சு தெரிஞ்ச மாதிரி பீத்திக்காத."

எனக்குப் பிரெஞ்சு தெரியாது. இதை இங்கேயே சொல்லிவிட்டேன், அண்ணியின் நிபந்தனை நிறைவேறியது.

[நாத்தனார் எழுதுகிற அண்ணி கதை என்றதும் உங்களில் சிலர் ஆர்வமாக நிமிர்ந்து உட்காருவது தெரிகிறது. ஏமாந்து போவீர்கள். எங்களுக்குள் சண்டை வருவது உண்டு, ஆனால் அது என் கதைகளில் அளவுக்கு மீறி அடைப்புக்குறி போடுகிறேன் என்பதைப் பற்றித்தான்.]

2

முதல் வரிக்காக மூன்று தடவை மோதினேன்.

நவீன பிரெஞ்சு நாவலின் மையச் சிக்கல்களுள் ஒன்று, மொழியின் போதாமை குறித்த

வேண்டாம். இது அண்ணியின் ஆய்வேட்டு நடை. இப்படி ஆரம்பித்தால் நீங்கள் அடுத்த கதைக்குத் தாவிவிடுவீர்கள். நானாக இருந்தாலும் தாவுவேன்.

ஆளில்லாத அலுவலகத்தில், தாளை விழுங்கிவிட்டுக் கக்க மறுத்த அந்தப் பழைய மெஷினின் முன்னால், ஓர் இளைஞன் தன் காதலிக்காக

இதுவும் வேண்டாம். அந்த 'இளைஞன்' என் அண்ணன். அவனை இளைஞன் என்று எழுதக் கை வர மாட்டேன் என்கிறது. தவிர, இது குட்டை இப்போதே உடைத்துவிடும்.

அவள் கதவைத் திறந்தாள்.

இது அருமையான வரி. ஆனால் என்னுடையது இல்லை, அண்ணி ஆராய்ந்த நாவலில் வருவது. நூற்றுப் பன்னிரண்டாம் பக்கத்தின் கடைசி வரி. என் கைவசம் வேறு நல்ல வரி இல்லாததால், ஆரம்பம் என்று ஒன்று இல்லாமலேயே விஷயத்துக்கு வருகிறேன்.

3

அண்ணி ஒரு கல்லூரியில் பிரெஞ்சு கற்றுக்கொடுக்கிறார். தற்காலிக வேலைதான். ஒவ்வொரு ஆண்டும் நீட்டிப்பார்கள். இந்த ஆண்டு முனைவர் பட்டம் இல்லாதவர்களுக்கு நீட்டிப்பு இல்லை, இருப்பவர்களுக்கு நிரந்தர வேலை என்று சொல்லிவிட்டார்கள். அண்ணியின் ஆய்வேடு தேர்வாளர்களிடம் போய்த் திரும்பியிருந்தது. வாய்மொழித் தேர்வு ஒன்றுதான் பாக்கி, அந்த வாரம் வியாழக்கிழமை. அண்ணன் இப்போதே 'டாக்டரம்மா' என்று கூப்பிட ஆரம்பித்திருந்தான்.

ஆய்வேட்டின் தலைப்பு 'நவீன பிரெஞ்சு நாவலில் சொல்லாமை'. இதைப் பற்றி எனக்குத் தெரிந்ததெல்லாம் அண்ணி பரிமாறிக்கொண்டே சொன்னதுதான். போன நூற்றாண்டில் அங்கே இரண்டு பெரிய போர்கள் முடிந்த பிறகு எழுத வந்தவர்கள் பலருக்குச் சொற்கள்மேல் நம்பிக்கை விட்டுப்போயிருந்தது. நாடு, கடமை, தியாகம் என்று பெரிய பெரிய சொற்களைப் பேசித்தானே எல்லாம் எரிந்தது என்ற கோபம். அதனால் கதாபாத்திரத்தின் பெயரைக் குறைத்தார்கள், சம்பவத்தைக் குறைத்தார்கள், ஓர் அறை, ஒரு மேசை, ஓர் ஆள் என்று நிறுத்திக்கொண்டார்கள். எழுதியதைவிட எழுதாமல் விட்டது கனக்க வேண்டும் என்று பாடுபட்டார்கள்.

"நம்ம வீடுகள்ல இதுக்குப் பேரு மூஞ்சியத் தூக்கி வச்சிக்கிறது" என்றேன்.

அண்ணி கோபித்துக்கொள்ளவில்லை. "அடிக்குறிப்புல போடலாம் போல" என்றார்.

ஆய்வேட்டில் முதல் அத்தியாயம் அறையைப் பற்றி, இரண்டாவது காத்திருப்பைப் பற்றி. மூன்றாவதுதான் அண்ணியின் செல்லப்பிள்ளை. அது முழுக்க முழுக்க ஒரே நாவலைப் பற்றியது. ஒரே ஒரு நாவலை எழுதிவிட்டுக் காலமாகிப்போன ஓர் அம்மாள் எழுதியது. மறுபதிப்பே வரவில்லை, இணையத்திலும் கிடையாது. கதை ரொம்பச் சின்னது: ஒரு மகள், தன்னிடம் ஒரு வார்த்தை கேட்காமல் வீட்டை விற்றுவிட்டு வேறொருவரோடு போய்விட்ட அம்மாவோடு பல வருஷங்களாகப் பேசுவதில்லை. அம்மா ஒருநாள் அவள் முகவரியைத் தேடிக் கண்டுபிடித்து, மாடிப்படி ஏறி வந்து மணி அடிக்கிறாள். அவள் கதவைத் திறந்தாள். நூற்றுப் பன்னிரண்டாம் பக்கம் முடிந்தது.

அடுத்த தாள் முன்னும் பின்னும் வெள்ளை. எழுத்து இல்லை, பக்க எண்கூட இல்லை. அதற்கடுத்து நூற்றுப் பதினைந்தாம் பக்கம் இப்படித் தொடங்குகிறது: அம்மா போன பிறகு அவள் இரண்டு கோப்பைகளையும் கழுவிக் கவிழ்த்தாள்.

4

வாசகரே, நீங்களும் நானும் அந்த வெள்ளைத் தாளைப் பார்த்திருந்தால் என்ன செய்திருப்போம்? 'அச்சுல ஏதோ கோளாறு' என்று முணுமுணுத்துவிட்டுப் புரட்டியிருப்போம். நமக்குப் படிப்பு போதாது. அண்ணி படித்தவர். பக்க எண்ணைத் தூக்கிய நாவல்களும், எழுத்தைச் சிதறவிட்ட நாவல்களும், வேண்டுமென்றே இடத்தை வெறுமையாக விட்ட நாவல்களும் நிறையப் படித்தவர். அந்த வெள்ளைத் தாளைக் கண்டதும் அவருக்கு மெய் சிலிர்த்துப்போனது. இந்தத் தப்பைச் செய்ய ஒருவருக்கு நவீன பிரெஞ்சு இலக்கியத்தில் நல்ல தேர்ச்சி வேண்டும்.

'இங்கே மொழி வாசற்படியிலேயே நின்றுவிடுகிறது' என்று எழுதினார். 'அம்மாவும் மகளும் சந்திக்கும் அந்தக் கணத்துக்குச் சொல் கிடையாது என்று அறிவிக்க, நாவலாசிரியர் தன் கடைசி உடைமையான பக்க எண்ணையும் துறக்கிறார்' என்று எழுதினார். அறுபது பக்கம். சும்மா சொல்லக்கூடாது, அற்புதமாக எழுதியிருந்தார். பிரெஞ்சு தெரியாத நானே படித்துவிட்டு மூக்கை உறிஞ்சினேன்.

நான் மட்டுமில்லை. புறத்தேர்வாளர்கள் இருவரில் மூத்தவரான அம்மையார், இந்தத் துறையில் பெரிய கை, தன் மதிப்பீட்டு அறிக்கையில் மூன்றாம் அத்தியாயத்துக்கு மட்டும் ஒரு தனிப் பத்தி ஒதுக்கியிருந்தார். அதில் ஒரு வரி: 'அந்த வெற்றுத் தாளின் முன் நானும் வாயடைத்து நின்றிருக்கிறேன்.'

அந்த வரியைக் கொஞ்சம் மனதில் வைத்துக்கொள்ளுங்கள். வியாழக்கிழமை அதுதான் வேலையைக் காட்டப் போகிறது.

5

அண்ணியின் துறையில் ஒரு வழக்கம். வாய்மொழித் தேர்வு அன்று ஆய்வுக்கு எடுத்துக்கொண்ட மூல நூல்களை மேசைமேல் அடுக்கி வைக்க வேண்டும். யாரும் தொட மாட்டார்கள், பார்வைக்குத்தான். அண்ணியிடம் இந்த நாவலின் ஜெராக்ஸ் மட்டுமே இருந்தது. கல்யாணத்துக்கு முன்னால் வெளியூர் நூலகம் ஒன்றிலிருந்து புத்தகத்தைக் கடனாக வரவழைத்து, உடனே திருப்ப வேண்டியிருந்ததால் நகல் எடுத்தது. இப்போது அடுக்கி வைக்கவென்று அதே நூலகத்துக்கு எழுதிப் போட்டு, அதே புத்தகத்தை மறுபடி வரவழைத்தார்.

அது சனிக்கிழமை தபாலில் வந்தது. ஞாயிற்றுக்கிழமை காலையில், பழைய சிநேகிதியைப் பார்க்கிற ஆசையில், நேராக அந்தத் தாளைத் திறந்தார். அதில் எழுத்து இருந்தது. நூற்றுப் பதிமூன்று, நூற்றுப் பதினான்கு என்று பக்க எண் போட்டு, இரண்டு பக்கமும் நிறைய எழுத்து.

6

(இந்தப் பகுதியில் அண்ணி மயங்கி விழுகிற மாதிரி எழுதியிருந்தேன். அடித்துவிட்டேன். அவர் மயங்கவில்லை. சமையலை முடித்தார், எங்களைச் சாப்பிடக் கூப்பிட்டார், எல்லாருக்கும் பரிமாறி முடித்துவிட்டுத்தான் சொன்னார்.)

அண்ணன் விஷயம்தான் எனக்கு இடிக்கிறது. கதாபாத்திரமாக அவன் நிற்க மாட்டேன் என்கிறான். முதல் வரைவில் அவனைத் தலையில் அடித்துக்கொண்டு அழவிட்டேன். பொய். நடந்தது இது: அண்ணி ஜெராக்ஸையும் புத்தகத்தையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துக் காட்டினார். அண்ணன் இரண்டையும் பார்த்தான். சாப்பிடுவதை நிறுத்தினான்.

"அய்யய்யோ" என்றான்.

"என்ன அய்யய்யோ?"

"அது… நான் வச்ச தாள்."

அண்ணி ஜெராக்ஸை அவன் பக்கம் தள்ளினார். அண்ணன் பேசினான்.

"உனக்கு ஞாபகம் இல்லையா, எங்க ஆபீஸ் மெஷின்லதானே எடுத்தேன், லீவு நாள்ல போயி. பாதியில தாள் மாட்டிக்கிச்சு. கசங்கிப் போச்சு, இழுத்துப் போட்டேன். அதுக்குள்ள வாட்ச்மேன் டீ குடிக்கக் கூப்பிட்டாரு. எந்த எடத்துல விட்டோம்னு தெரியணும்ல? அடையாளத்துக்கு, எடுத்த காப்பிங்க மேல ஒரு வெள்ளத் தாள வச்சிட்டுப் போனேன். எல்லாரும் அப்படித்தான் செய்வோம்."

"வந்து அந்தப் பக்கத்த எடுக்கலையா?"

"எடுத்துட்டோம்னு நெனச்சி அடுத்ததுலேர்ந்து எடுத்திருக்கேன் போல."

அண்ணி புத்தகத்தை மூடினார். "அப்போ என்னோட மூணாவது அத்தியாயம், நீங்க டீ குடிக்கப் போன நேரம்."

அண்ணனுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. வெடித்துச் சிரித்தான். பிறகு அண்ணியின் முகத்தைப் பார்த்தான், நிறுத்திக்கொண்டான். அந்த இரண்டுக்கும் நடுவில் அண்ணியும் சிரித்தார் என்பதைச் சாட்சியாக நான் பதிவு செய்கிறேன். அதற்கப்புறம்தான் அழுதார்.

"என்னதான் எழுதியிருக்கு அதுல?" என்று நான் கேட்டேன்.

அண்ணி கண்ணைத் துடைத்துக்கொண்டு தமிழில் சொல்லச் சொல்லக் கேட்டோம். அம்மா மூச்சு வாங்குகிறாள். என்னம்மா இவ்வளவு படி என்று அலுத்துக்கொள்கிறாள். தண்ணீர் கேட்கிறாள். புதுச் செருப்பு குதிகாலைக் கடித்துவிட்டது. மகள் பிளாஸ்திரி தேடி எடுத்து வந்து குனிந்து ஒட்டிவிடுகிறாள். குனிந்திருக்கிற மகளின் தலையைப் பார்த்து அம்மா சொல்கிறாள், உன்னைக் கேட்காமல் போனது தப்பு. மகள் நிமிராமலே சொல்கிறாள், ஆமாம், தப்புதான். பிறகு இருவரும் காப்பி குடிக்கிறார்கள்.

இவ்வளவுதான். சொல்லவே முடியாது என்று அண்ணி அறுபது பக்கம் எழுதியதை, அந்த அம்மாள் இரண்டே பக்கத்தில் சாவகாசமாகச் சொல்லிவிட்டுப் போயிருந்தார்.

7

திங்கட்கிழமை அண்ணி தன் நெறியாளரைப் பார்க்கப் போனார். திரும்பி வந்து அவர் குரலிலேயே நடித்துக் காட்டினார்.

"உக்காருங்கம்மா. இப்ப என்ன ஆகிப்போச்சு? வாசிப்புங்கறது வாசகரோட உரிமைன்னு நாமதானே ரெண்டாம் அத்தியாயத்துல எழுதியிருக்கோம்?"

"சார், அந்தப் பக்கத்துல எழுத்து இருக்கு சார்."

"இருக்கட்டுமே. உங்க பிரதில இல்லல்ல?"

அண்ணி எழுந்து வரப் பார்த்திருக்கிறார். அப்போதுதான் நெறியாளர் குரலைத் தாழ்த்தி, நிஜமாகவே சொல்லியிருக்கிறார்: "இங்க பாருங்க. ஒண்ணும் சொல்லாம இருந்தா பட்டம் உறுதி. வேலையும் உறுதி. நீங்க வாயத் தொறந்தீங்கன்னா, உங்கள மட்டும் மாட்டிவிடல. அந்த மேடத்தையும் சேத்து மாட்டி விடுறீங்க. இல்லாத தாள் முன்னாடி நின்னேன்னு எழுதிக் கையெழுத்துப் போட்டிருக்காங்க. அவங்க கையிலதான் உங்க முடிவு இருக்கு. யோசிச்சுப் பேசுங்க."

அவர் மோசமான மனிதர் இல்லை. அண்ணிக்கு வேலை கிடைக்க வேண்டும் என்று மெய்யாகவே ஆசைப்படுகிறவர். வில்லனாக எழுதிப் பார்த்தேன், ஒட்டவில்லை.

8

செவ்வாயும் புதனும் நான் சும்மா இருக்கவில்லை. அண்ணிக்குத் தலை போகிற கவலை, எனக்கு முடிவு பற்றிய கவலை. மூன்று முடிவு எழுதினேன்.

முதலாவது. அண்ணி வாயைத் திறக்கவில்லை. பட்டம் கிடைத்தது. நூலகத்துப் புத்தகத்தைப் பொட்டலம் கட்டித் திருப்பி அனுப்பினார். அண்ணன் 'டாக்டரம்மா' என்று கூப்பிடுகிறான், அவர் திரும்பிப் பார்ப்பதில்லை.

இரண்டாவது. தேர்வு நடுவில் யாரோ ஒருவர் யதேச்சையாக மேசையிலிருந்து அந்த நாவலை எடுத்துப் புரட்டுகிறார், சபை உறைகிறது, அண்ணியின் கையிலிருந்து தண்ணீர்க் குவளை நழுவி… சீ. சினிமாத்தனம். யாரும் தொட மாட்டார்கள் என்றுதான் முன்பே எழுதிவிட்டேனே.

மூன்றாவது. இந்த இடத்தில் ஒரு பக்கத்தை வெள்ளையாக விட்டுவிடுவது. கதை எழுதுகிற என் நண்பர்கள் அத்தனை பேரும் இதைத்தான் சொன்னார்கள், ஏதோ தாங்கள்தான் முதலில் கண்டுபிடித்த மாதிரி. மாட்டேன். ஒரு வெள்ளைத் தாள் எங்கள் வீட்டில் போட்ட ஆட்டம் போதும்.

புதன்கிழமை சாயங்காலம் மூன்றையும் அண்ணியிடம் காட்டினேன். துணி மடித்துக்கொண்டே படித்தார்.

"முதலாவது நல்லாருக்கு" என்றார்.

"கதையாவா?"

"இல்ல. செய்யறதுக்கு."

மடித்த துணியை எடுத்துக்கொண்டு உள்ளே போய்விட்டார். நான் மற்ற இரண்டையும் கிழித்துப் போட்டேன்.

9

வியாழக்கிழமை. நீளமான அறை, சுவரோரம் அலமாரிகள், சத்தம் போடுகிற ஒரு மின்விசிறி. முன்னால் மேசை. அதன் பின்னால் நெறியாளர், மூத்த தேர்வாளரான அந்த அம்மையார், அவருக்குப் பக்கத்தில் இளைய தேர்வாளர். மேசையின் ஓரத்தில் மூல நூல்கள் அடுக்கு. யார் வேண்டுமானாலும் வந்து உட்கார்ந்து கேட்கலாம் என்பதால் கடைசி வரிசையில் நானும் அண்ணனும். அண்ணன் சட்டைக்குக் கஞ்சி போட்டு வந்திருந்தான், அசைந்தால் மொறுமொறுவென்றது.

அண்ணி நின்று, தன் ஆய்வைச் சுருக்கமாகச் சொன்னார். அறை, காத்திருப்பு எல்லாம் சொன்னார். மூன்றாம் அத்தியாயத்தை ஒரே வாக்கியத்தில் கடந்தார். நெறியாளர் நிம்மதியாகச் சாய்ந்து உட்கார்ந்ததை நான் பார்த்தேன். சரி, முதலாவது முடிவுதான் என்று நினைத்துக்கொண்டேன். எனக்கு ஏமாற்றமாகவும் நிம்மதியாகவும் இருந்தது.

மூத்த தேர்வாளர் பிரியமாகச் சிரித்தார். "எனக்கு ஒரே ஒரு கேள்விதாம்மா. அந்த வெற்றுத் தாள மொதமொதல்ல பாத்தப்ப உங்களுக்கு என்ன தோணிச்சு?"

அண்ணி மேசைக்கு நடந்தார். அடுக்கிலிருந்து அந்தப் புத்தகத்தை உருவினார்.

"மேடம், அப்படி ஒரு தாள் இந்த நாவல்ல இல்ல" என்றார். "என் ஜெராக்ஸ்லதான் இருந்துச்சு. ஞாயித்துக்கெழமதான் எனக்கே தெரிஞ்சுது. அந்த ரெண்டு பக்கத்தையும் படிக்கட்டுமா?"

யாரும் படி என்று சொல்லவில்லை, வேண்டாம் என்றும் சொல்லவில்லை. அண்ணி பிரெஞ்சில் படித்தார். பிறகு தமிழில் சொன்னார். மாடிப்படி, தண்ணீர், குதிகால், பிளாஸ்திரி, தப்பு, ஆமாம் தப்புதான், காப்பி. நெறியாளர் கண்ணை மூடிக்கொண்டிருந்தார். இளைய தேர்வாளர் தன் முன்னால் இருந்த அறிக்கையின் பக்கங்களைப் புரட்டி ஓர் இடத்தில் நின்றார், ஓரக்கண்ணால் பக்கத்து நாற்காலியைப் பார்த்தார்.

மூத்த தேர்வாளரின் முகத்தில் சிரிப்பு எப்போதோ போயிருந்தது. "இத நீங்க சொல்லலேன்னா யாருக்கும் தெரிஞ்சிருக்காது" என்றார்.

"தெரிஞ்சிருக்காது மேடம்."

"அப்புறம் ஏன் சொல்றீங்க?"

அண்ணி அந்தப் பக்கத்தில் விரலை வைத்துக்கொண்டே சொன்னார். "அந்த அம்மா அவ்வளவு படியேறி வந்து பேசியிருக்காங்க மேடம். நான் இத்தன வருஷமா அவங்க வாயப் பொத்தி வச்சிருந்தேன். இப்ப நீங்க கேக்கறப்பவும் பொத்த முடியல."

மூத்த தேர்வாளர் கண்ணாடியைக் கழற்றிக் கீழே வைத்தார். தன் அறிக்கையைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை. அண்ணியும் பேசவில்லை.

"எல்லாரும் கொஞ்சம் வெளிய இருங்க" என்றார்.

10

தாழ்வாரத்தில் ஒரு பெஞ்சு. அண்ணி நடுவில், நாங்கள் இரண்டு பக்கமும்.

"என் மேல பழியப் போட்டிருக்கலாம்ல?" என்றான் அண்ணன். "மெஷின் மாட்டிக்கிச்சு, வீட்டுக்காரர்தான் தாள வச்சாருன்னு."

"தாள வச்சது நீங்க. அறுபது பக்கம் எழுதினது நான்" என்றார் அண்ணி.

நான் சும்மா இருந்திருக்கலாம். "அண்ணி, உங்கள நெனச்சா எனக்குப் பெருமையா இருக்கு" என்றேன்.

"வாய மூடு." என் கையைப் பிடித்தார். "பெரிய தியாகி மாதிரி எழுதி வச்சிராத. எனக்கு அந்தப் பட்டம் வேணும். அந்த வேல வேணும். உள்ள ஓடிப் போயி, அவங்க காலப் புடிச்சாவது குடுத்துருங்கன்னு கேக்கலாமான்னு இருக்கு. இதையும் எழுது."

எழுதிவிட்டேன்.

அவர்கள் உள்ளே என்ன முடிவெடுத்தார்கள் என்று எனக்குத் தெரியும். அதை வெளியே வந்து சொன்னபோது நான் அங்கேதான் இருந்தேன். ஆனால் எழுதப் போவதில்லை. பட்டம் கிடைத்தது என்று எழுதினால், உண்மை பேசினால் நல்லதுதான் நடக்கும் என்று நீங்கள் நிம்மதியாகப் போய்த் தூங்குவீர்கள். கிடைக்கவில்லை என்று எழுதினால், பாவம், பிழைக்கத் தெரியாதவள் என்பீர்கள். இரண்டிலும் உங்களுக்கு ஒரு வேலையும் இல்லை. எனக்கு அது பிடிக்கவில்லை.

ஆகவே நீங்கள் உள்ளே போங்கள். உங்களுக்காக இந்தக் கதையில் நான் காலி செய்து வைத்திருப்பது ஒரே நாற்காலி, அந்த மூத்த தேர்வாளருடையது. அதில் உட்காருங்கள். நீங்கள் புத்தகத்தைத் திறந்தே பார்க்காமல், இல்லாத ஒரு தாளின் முன்னால் வாயடைத்து நின்றதாக எழுதிக் கையெழுத்துப் போட்டிருக்கிறீர்கள். சற்றுமுன் ஒருத்தி எல்லார் முன்னாலும் அதை உடைத்துவிட்டாள், ஆனால் உங்களை ஒரு சொல்கூடச் சொல்லிக் காட்டவில்லை. அவளுடைய மூன்றாம் அத்தியாயம் தப்பு. மற்றவை தப்பில்லை. பக்கத்தில் இருக்கிற இருவரும் நீங்கள் சொல்வதற்குத் தலையாட்டக் காத்திருக்கிறார்கள்.

அவசரமில்லை, யோசியுங்கள். முடிவெடுத்த பிறகு ஆள் விட்டுச் சொல்லி அனுப்பாதீர்கள். நீங்களே வெளியே வாருங்கள். உங்களைப் பார்த்ததும் அண்ணி எழுந்து நிற்பார். முதலில் அவரை உட்காரச் சொல்லுங்கள்.